இயக்குநர் ராஜலட்சுமி: திருச்சிக் குறிப்புகள்

தமிழ்ப் பேசும்படத்தின் முதல் கதாநாயகி யார் என்று கேட்டால் வினாடி வினாப் போட்டிக்குத் தயாராகும் பிள்ளைகள் உடனே சொல்லிவிடுவார்கள்: டி. பி. ராஜலட்சுமி. தமிழில் முதலில் படம் இயக்கிய பெண் யார் என்றால் பெரியவர்களே யோசிக்கிறார்கள். அதற்கும் பதில் அவர்தான். 1936-இல் 'மிஸ் கமலா' வந்தபோது அவருக்கு வயது சுமார் 25. நாவல் அவருடையது, படமாக்கப் பணம் போட்டவர் அவர், இயக்கியவர் அவர், நாயகியாக நடித்தவரும் அவர்.

நடிகையாக அவரைப் பற்றி நிறையவே எழுதிவிட்டார்கள். இந்த நோட்டில் இயக்குநரைப் பற்றி மட்டும் எழுதி வைக்கலாம் என்று தோன்றுகிறது. அந்த வாழ்க்கையின் முதல் அடி எங்கள் ஊரில் விழுந்தது என்பதும் ஒரு காரணம்.

*

பிறந்தது 1911, திருவையாற்றுப் பக்கம். அப்பா பஞ்சாபகேச சாஸ்திரி கிராமக் கர்ணம். பெண்ணுக்கு விவரம் தெரியும் முன்பே கல்யாணம் நடந்தது, நிலைக்கவில்லை. அப்பாவும் போய்ச் சேர்ந்தார். அம்மா மகளைக் கூட்டிக்கொண்டு திருச்சிக்கு வந்தார்.

புக்ககத்திலிருந்து திரும்பிய பெண்ணுக்கு அந்தக் காலத்து அக்ரகாரம் என்ன வைத்திருந்தது என்பது தெரிந்ததுதான்: அடுப்படி, ஒரு மூலை, போகிற வருகிறவர்களின் பேச்சு. அந்த அம்மா மகளை நாடக மேடைக்கு அனுப்பினார். 1920-களின் தொடக்கத்தில் இது எவ்வளவு பெரிய துணிச்சல்! நாடகக் கம்பெனிகளில் ஸ்திரீபார்ட்டே பெரும்பாலும் பையன்கள் போட்டுக்கொண்டிருந்த காலம். மேடையேறிய பெண்ணை ஊர் வேறு கண்ணால் பார்த்த காலம். சங்கரதாஸ் சுவாமிகளின் உதவியோடு, திருச்சியில் சாமண்ணா நாடகக் கம்பெனியில் சிறுமி ராஜலட்சுமி சேர்ந்தார்.

சுவாமிகள் 1922-இல் மறைந்தார். தமிழ் நாடகத்தின் தலைமையாசிரியர் தன் கடைசிக் காலத்தில் கைகாட்டி அனுப்பிய பிள்ளைகளில் ஒருத்தி பிற்காலத்தில் ஒரு புதிய கலையின் வாசலைத் திறந்தாள். இதை நினைக்கும்போதெல்லாம் அந்த அம்மாவுக்கு ஒரு கும்பிடு போடத் தோன்றுகிறது. அவர் பெயரைச் சரித்திரம் அதிகம் சொல்வதில்லை.

*

ஏன் திருச்சி?

ரயில் ஒரு பதில். தென்னிந்திய ரயில்வேயின் தலைமையிடம் அன்று இங்கே இருந்தது. தஞ்சாவூரிலிருந்தும் மதுரையிலிருந்தும் ஈரோட்டிலிருந்தும் வரும் தண்டவாளங்கள் இங்கே கூடுகின்றன. சீன் படுதா, ஹார்மோனியப் பெட்டி, உடுப்பு டிரங்குகள், முப்பது நாற்பது ஆட்கள் என்று ஊர் ஊராகப் போகும் கம்பெனிக்கு இதைவிட வசதியான இடம் ஏது?

சம்பளக்காரர்கள் இன்னொரு பதில். ரயில்வே ஆபீஸ், கல்லூரிகள், கோர்ட், கடைவீதி என்று மாதாமாதம் கையில் காசு புழங்கும் ஊர். டிக்கெட் வாங்கிப் பாட்டுக் கேட்க ஆள் இருந்தது. ரயில்வே அதிகாரி எஃப். ஜி. நடேச ஐயர் ரசிக ரஞ்சன சபாவை நிறுவி நாடகம் போட்டார். அந்த மேடையில் 'ஹரிச்சந்திரா'வில் லோகிதாசனாக வந்த பையன்தான் எம். கே. தியாகராஜ பாகவதர். நடேச ஐயரே பின்னாளில் கே. சுப்ரமணியத்தின் 'சேவாசதனம்' (1938) படத்தில் எம். எஸ். சுப்புலட்சுமிக்குக் கணவராக நடித்தார்.

மேலப்புலிவார்டு ரோட்டில்தான் நாடகங்கள் நடந்த தேவர் ஹால். அந்தப் பக்கம் போகிறவர்களில் எத்தனை பேருக்கு அங்கே எந்தெந்தக் குரல்கள் ஒலித்தன என்று தெரியும்? சிவாஜி கணேசனும் எம். ஆர். ராதாவும் நடமாடிய ஊர் இது. நடிகர்களின் ஊர் என்று பேர் வாங்கிவிட்டோம். இயக்குநர் ஒருவரும் இங்கே அரிச்சுவடி படித்தார் என்பதை அந்தப் பட்டியலோடு சேர்க்க வேண்டும்.

*

1905. அதே ரயில்வே, அதே ஊர். கோயம்புத்தூர்க்காரர் சாமிக்கண்ணு வின்சென்ட் திருச்சி ரயில்வே ஆபீசில் டிராஃப்ட்ஸ்மேன். படம் காட்ட வந்த டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரருக்கு உடம்புக்கு முடியாமல் போகிறது. ஊர் திரும்ப வேண்டும். அவருடைய புரொஜெக்டரையும் பிலிம் சுருள்களையும் வின்சென்ட் 2,250 ரூபாய்க்கு வாங்கினார். அந்தக் காலத்துக் குமாஸ்தா சம்பளத்தை வைத்துப் பார்த்தால் அது பல வருஷக் கூலி. வேலையை விட்டார். டெண்ட் அடித்து ஏசுநாதர் சரித்திரத்தைக் காட்டினார். தென்னாடு முழுக்கச் சுற்றிவிட்டு வடக்கே லாகூர், பெஷாவர் வரை போனார். 1914-இல் கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார்.

இதை இங்கே எழுதக் காரணம் உண்டு. 1933-இல் வின்சென்ட் கல்கத்தா பயோனீர் கம்பெனியோடு சேர்ந்து 'வள்ளி திருமணம்' எடுத்தார். வள்ளியாக நடித்தவர் டி. பி. ராஜலட்சுமி. திருச்சியில் புரொஜெக்டர் வாங்கியவரும் திருச்சியில் மேடையேறியவரும் கல்கத்தாவில் ஒரே படத்தில் சந்திக்கிறார்கள். கூட்டம் அலைமோதிய படம் அது.

*

இப்போது முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) பற்றி. எல்லோருக்கும் தெரிந்த கதை, அதனால் சுருக்கமாக.

பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி. இயக்கம் எச். எம். ரெட்டி. நாயகி தமிழில் பேசினார், நாயகன் தெலுங்கில். பிலிம் பெட்டி சென்னை சென்ட்ரலுக்கு வந்தபோது ஜனங்கள் தேங்காய் உடைத்து, பூப்போட்டு, கினிமா சென்ட்ரல் தியேட்டர் வரை ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள். படத்தில் கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் மதுரை பாஸ்கரதாஸ் எழுதிய காந்தியின் கைராட்டினப் பாட்டு வந்தது. ராஜலட்சுமி பாடினார். ஜனங்கள் கேட்க வந்தது அதைத்தான். மேடையில் தேசியப் பாட்டுப் பாடிப் பழகிய குரல் அது.

ஒரு அடி பிலிம்கூட இன்று இல்லை.

*

அவர் எப்படி இயக்குநர் ஆனார் என்பதை யாரும் விரிவாக எழுதி வைக்கவில்லை. சூழ்நிலையை வைத்துக் கொஞ்சம் புரிந்துகொள்ளலாம்.

1934-இல் ஏ. நாராயணன் ஸ்ரீனிவாசா சினிடோன் ஆரம்பிக்கும் வரை சென்னையில் பேசும்படம் எடுக்க ஸ்டூடியோ கிடையாது. தமிழ்ப் படம் என்றால் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ ரயிலேற வேண்டும். அங்கே இயக்குநர் நாற்காலியில் இருந்தவர்களில் பலருக்குத் தமிழ் வராது. காமிராவும் ஒலியும் தெரிந்தவர்கள் அவர்கள். வசனம் சரியாக விழுந்ததா, பாட்டு உணர்ச்சியோடு வந்ததா, பக்கவாட்டில் நிற்கும் துணைப்பாத்திரம் எப்போது திரும்ப வேண்டும் என்பதெல்லாம் நாடகத்திலிருந்து வந்த நடிகர்களின் பொறுப்பாகவே இருந்திருக்கும். அப்படிப் பார்த்தால் 'மிஸ் கமலா'வுக்கு முந்தைய சில வருஷங்கள் ராஜலட்சுமிக்குச் சம்பளத்தோடு கிடைத்த படிப்பு.

1936-ஐ மட்டும் தனியாகப் பார்க்க வேண்டும். அந்த வருஷம் 'சதிலீலாவதி' வந்தது. எஸ். எஸ். வாசன் நாவல், எம். ஜி. ஆரின் முதல் படம்; இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன், தமிழ் தெரியாத அமெரிக்கர். டங்கனின் திறமை பெரிது, அதில் சந்தேகமில்லை. தமிழ் சினிமா அவருக்குக் கடன்பட்டிருக்கிறது. அதே வருஷம் ஒரு தமிழ்ப் பெண் தன் நாவல் 'கமலவல்லி'யைத் தானே படமாக்கினார். டங்கனுக்கு நூல்கள் உண்டு, நினைவுக்குறிப்பு உண்டு, ஆவணப்படம் உண்டு. ராஜலட்சுமியின் இயக்கத்துக்கு வினாடி வினாவில் ஒரு வரி.

*

புராணக் கதைகளே படமாகிக்கொண்டிருந்த நேரத்தில் ஒருத்தர் சமகாலக் கதையைத் தொட்டார் என்பதைப் படத்தின் பெயரே சொல்லிவிடுகிறது. கதாநாயகி வள்ளியோ சாவித்திரியோ இல்லை. 'மிஸ்' போட்டுக்கொண்ட ஒரு கமலா. சிறுவயதுக் கல்யாணத்தின் வலி எழுதியவருக்கே தெரியும். பால்ய விவாகத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் 1929-இல் நிறைவேறி, ஊரெல்லாம் அதைப் பற்றித் தர்க்கம் நடந்துகொண்டிருந்த பத்தாண்டு அது. பெண்சிசுக் கொலைக்கு எதிராகப் பேசியவர் ராஜலட்சுமி; பேச்சோடு நிற்காமல் ஒரு பெண் குழந்தையை எடுத்து வளர்த்தவர். தன் சொந்த மகளுக்குக் கமலா என்றே பெயர் வைத்தார்.

ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்ற தன் சொந்தக் கம்பெனியில் எடுத்தார் என்பதும் முக்கியம். வேறொரு முதலாளி இருந்திருந்தால் 25 வயதுப் பெண்ணிடம் காமிராவைக் கொடுத்திருப்பாரா? கொடுக்கும்வரை காத்திருக்காமல், நடித்துச் சேர்த்த பணத்தில் அந்த இடத்தை அவர் தனக்குத் தானே உண்டாக்கிக்கொண்டார். பிறகு 'மதுரை வீரன்' கதையையும் தயாரித்து இயக்கினார்.

அடுத்து தமிழில் பெயர் சொல்லும்படி ஒரு பெண் இயக்கியது பானுமதியின் 'சண்டிராணி', 1953. 'மிஸ் கமலா'வுக்கும் அதற்கும் நடுவில் கிட்டத்தட்டப் பதினேழு வருஷம். கதவு ஒருமுறை திறந்தால் திறந்தே இருக்கும் என்று நம்புகிறோம். சினிமாவில் அப்படி நடப்பதில்லை. ஒவ்வொரு பெண்ணும் மறுபடி தட்ட வேண்டியிருந்தது.

*

பிலிம் எங்கே போயிற்று?

அந்தக் காலப் பிலிம் நைட்ரேட். தீப்பிடித்தால் அணைக்க முடியாது, தண்ணீருக்குள்ளும் எரியும். 1918 சினிமாச் சட்டத்தில் தணிக்கையோடு தீப் பாதுகாப்பும் சேர்ந்ததற்கு இதுதான் காரணம். எரியாமல் தப்பினாலும் நம் ஊர் வெயிலில் தகரப் பெட்டிக்குள் கிடந்தால் சுருள்கள் வெல்லப்பாகு போலப் பிசுபிசுத்து ஒட்டிக்கொள்ளும். பிறகு பொடியாகும். இதெல்லாம் இயற்கை செய்தது.

மனிதர்கள் செய்தது வேறு. ஓடி முடிந்த படத்தின் பிரதியிலிருந்து வெள்ளி எடுக்கலாம். கொட்டகை கொட்டகையாகச் சுற்றித் தேய்ந்துபோன படத்தை வைத்திருந்து என்ன பயன் என்று நினைத்தவர்கள் அதை உருக்கி விற்றார்கள். வியாபாரத்தில் அது கணக்குதான். சரித்திரத்தில் கொள்ளை.

புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியது 1964-இல். ராஜலட்சுமி இறந்ததும் 1964-இல். படங்களைத் தேடிச் சேர்க்க ஓர் அலுவலகம் பிறந்த அதே வருஷம், கேட்டுத் தெரிந்துகொள்ள அவர் இல்லாமல் போனார். 'காளிதாஸ்' இல்லை, 'மிஸ் கமலா' இல்லை.

ஒரு நம்பிக்கையான செய்தியையும் சேர்த்து வைக்கிறேன். 'வள்ளி திருமண'த்தை இயக்கிய பி. வி. ராவ் அதே 1933-இல் நாகர்கோவிலில் 'மார்த்தாண்ட வர்மா' என்ற மௌனப்படத்தையும் எடுத்தார். படத்தின் மூல நாவலுக்கு உரிமை வைத்திருந்த புத்தகக் கம்பெனி வழக்குப் போட்டது, படம் முடக்கப்பட்டது. வெளியே ஓட முடியாமல் அந்தக் கம்பெனியின் வசம் கிடந்த அந்தப் பிரதி 1970-களில் புனேக்குப் போய்ச் சேர்ந்தது. தென்னிந்திய மௌனப்படங்களில் இன்று பார்க்கக் கிடைப்பது கிட்டத்தட்ட அது ஒன்றுதான். ஓடிய படங்கள் ஓடியே தேய்ந்தன, முடங்கியது பிழைத்தது. எங்கோ ஒரு பெட்டி திறக்கப்படாமல் இருக்கலாம் என்று நினைக்க இது ஒன்று போதும்.

*

படங்களை இழப்பதும் காப்பதும் வேறொரு நாட்டில் எப்படி நடந்தது என்று பார்க்க, சூடானைப் பற்றி ஒரு பக்கம்.

கதல்லா குபாரா, பிறந்தது 1920. இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் ராணுவத்தின் தகவல் தொடர்புப் பிரிவில் வேலை பார்த்தவர். அங்கே சிப்பாய்களுக்குக் காட்டிய படங்கள் அவரைப் பிடித்துக்கொண்டன. ஊர் திரும்பி, வண்டியில் புரொஜெக்டர் ஏற்றிக் கிராமம் கிராமமாகப் படம் காட்டினார். வின்சென்ட்டின் அதே தொழில், நைல் நதிக்கரையில். 1956 ஜனவரி 1-ஆம் தேதி சூடான் சுதந்திரக் கொடி ஏறியபோது அவருடைய காமிரா அங்கே இருந்தது. 1970-களில் 'ஸ்டூடியோ காட்' என்று சொந்த ஸ்டூடியோ கட்டினார். நாட்டிலேயே முதல் தனியார் ஸ்டூடியோ. 'தாஜூஜ்' என்ற காதல் கதையை முழுநீளப் படமாக்கினார்.

1989-இல் ஓமர் அல்-பஷீரின் ராணுவ ஆட்சி வந்தது. சினிமா வாயடைத்தது. அரசு அவருடைய ஸ்டூடியோவைப் பறித்துக்கொண்டது. முதுமையில் கண் பார்வையும் போயிற்று. அதற்குப் பிறகும் மகள் சாராவின் துணையோடு விக்டர் ஹ்யூகோவின் 'ஏழை படும் பாடு' கதையைச் சூடானில் படமாக்கினார். 2008-இல் இறந்தார். அவருடைய பிலிம்கள் தப்பின. மகள் கட்டிக் காத்தார். பெர்லினின் ஆர்சனால் நிறுவனம் டிஜிட்டலாக மாற்ற உதவியது.

இப்ராஹிம் ஷத்தாத் என்று இன்னொருவர். எள் ஆட்டும் செக்கில் சுற்றிச் சுற்றி வரும் ஒட்டகத்தைப் பற்றி 1981-இல் ஒரு குறும்படம் எடுத்தார். நல்லெண்ணெய்ச் செக்கு பார்த்த நமக்கு அதை விளக்கத் தேவையில்லை. அவரும் மூன்று நண்பர்களும் கிழவர்களான பிறகு ஓம்துர்மானில் மூடிக்கிடந்த ஒரு திறந்தவெளித் தியேட்டரை மறுபடி திறக்க அலைந்த கதையைச் சுஹைப் காஸ்மெல்பாரி 'மரங்களைப் பற்றிப் பேசுதல்' என்ற ஆவணப்படமாக எடுத்தார். 2019-இல் பெர்லின் விழாவில் பரிசு பெற்றது. அனுமதிக் கடிதம் கேட்டு ஒவ்வொரு ஆபீசாக ஏறி இறங்குகிறார்கள். ஊர்ப் பிள்ளைகளிடம் என்ன படம் பார்க்க ஆசை என்று கேட்டு எழுதிக்கொள்கிறார்கள். 2023 ஏப்ரலில் கார்ட்டூமில் போர் வெடித்தது. அந்த முதியவர்கள் சேர்த்து வைத்த சுருள்களையும் காகிதங்களையும் நினைத்துக் கவலைப்படாமல் இருக்க முடியவில்லை.

அங்கே சினிமாவை அழித்தது ஆட்சியும் போரும். இங்கே நமக்கு அப்படி ஒன்றும் நேரவில்லை. யாரும் ராஜலட்சுமியின் படத்தைத் தடைசெய்து எரிக்கவில்லை. வைத்துக்கொள்ள வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான். எனக்கு இதுவே அதிகம் வலிக்கிறது.

*

காவிரிப் பாலத்தைத் தாண்டினால் ஸ்ரீரங்கம். நினைவில் வைத்துக்கொள்வதில் இந்தத் தீவுக்கு நிகர் இல்லை. கோயில் சுவர்களில் 600-க்கும் மேற்பட்ட கல்வெட்டுகள். விளக்குக்கு நெய் கொடுத்தவர், நந்தவனத்துக்கு நிலம் விட்டவர், தளிகைக்கு நெல் அளந்தவர் என்று எல்லோருடைய பெயரும் கல்லில் இருக்கிறது. யார் எந்த மண்டபம் கட்டினார், எந்தக் கைங்கரியம் யாருடையது என்பதைக் கோயிலின் வரலாற்று நூலான கோயிலொழுகு தலைமுறை தலைமுறையாக எழுதிக்கொண்டே வந்திருக்கிறது. படையெடுப்புக்குத் தப்பி ஊரை விட்டுப் போன உற்சவர் நம்பெருமாள் 1371-இல் திரும்பி வந்ததையும் கல்வெட்டு பதிந்து வைத்திருக்கிறது.

அந்த ஊர் சினிமாவுக்குத் தந்தது எழுத்து: பாட்டில் வாலி, வசனத்தில் சுஜாதா. இருவரையும் ஸ்ரீரங்கம் மறக்கவில்லை, மறக்கவும் விடாது.

ஒரு படி நெய் கொடுத்தவர் பெயரைக் காப்பாற்றிய மண்ணுக்கு ஒரு கலையையே தொடங்கிவைத்தவரின் பெயரைக் காப்பாற்றுவது கஷ்டமான காரியம் இல்லை. வழக்கம் இருக்கிறது. விருப்பம் வேண்டும்.

*

பாகவதருக்குத் திருச்சியில் மணிமண்டபம் எழுந்திருக்கிறது, நியாயமான மரியாதை. ராஜலட்சுமிக்கு மண்டபம் கேட்கவில்லை. நவம்பர் 11 அவர் பிறந்த நாள். அன்று இந்த ஊர்க் கல்லூரி ஏதாவது ஒன்றில், பெண்கள் இயக்கிய ஒரு தமிழ்ப் படத்தைத் திரையிட்டு மாணவிகளோடு பேசினால் போதும். காட்சித் தொடர்பியல் படிக்கும் பெண்கள் இங்கே நிறைய இருக்கிறார்கள். தங்கள் ஊரில் மேடையேறிய ஒருத்தி சுமார் 25 வயதில் படம் இயக்கினாள் என்ற செய்தி அவர்களுக்குச் சொந்தமாக வேண்டும்.

*

கடைசியாகச் செய்ய வேண்டிய வேலை ஒன்று.

அந்தக் காலத்தில் ஒவ்வொரு படத்துக்கும் பாட்டுப் புத்தகம் போட்டுக் கொட்டகை வாசலில் ஓரணா இரண்டணாவுக்கு விற்றார்கள். நடிகர் பட்டியல், கதைச் சுருக்கம், ராகம் குறித்த பாட்டுகள், பின் அட்டையில் விளம்பரம். பிலிம் அழிந்த படங்களுக்கு இன்று மிஞ்சிய சாட்சி அந்தப் பதினாறு இருபது பக்கம்தான். தியடோர் பாஸ்கரன் போன்றவர்கள் தமிழ் சினிமாவின் ஆரம்ப காலத்தை எழுதியது இப்படிப்பட்ட காகிதங்களைத் தேடிப் பிடித்துத்தான். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இவற்றைச் சேர்த்துப் பாதுகாக்கிறது.

பாலக்கரையிலும் வரகனேரியிலும் உறையூரிலும் உத்தர வீதியிலும் பழைய வீடுகள் இடிந்துகொண்டே இருக்கின்றன. பரணில் பாட்டியின் டிரங்குப் பெட்டி இருந்தால் பழைய பேப்பர்காரரிடம் எடை போடுவதற்கு முன் ஒருமுறை திறந்து பாருங்கள். 1930-களின் பாட்டுப் புத்தகம், நாடக நோட்டீஸ், சினிமாப் பத்திரிகை எது கிடைத்தாலும் செல்லோ டேப் ஒட்டாதீர்கள், லேமினேட் செய்யாதீர்கள். தட்டையாக வைத்து, உறுதியான அட்டைக்கு நடுவே போட்டு, நூலகத்துக்கு எழுதுங்கள். அட்டையில் 'மிஸ் கமலா' என்று இருந்தால், அன்றைக்கே எழுதுங்கள்.